எக்ஸ்பார்ட்டி டிக்ரி ஆகிவிட்டதா? ரத்து செய்ய என்ன செய்ய வேண்டும், எந்த வரிசையில் செய்ய வேண்டும்

நீங்கள் ஆஜராகாத சிவில் வழக்கில், எதிர்த்தரப்பின் சாட்சியத்தை மட்டும் வைத்து கோர்ட் கொடுக்கும் தீர்ப்புதான் எக்ஸ்பார்ட்டி டிக்ரி. கோர்ட் தமிழில் ஒருதலைப்பட்சத் தீர்ப்பாணை. என் அப்பா மீது பங்காளி ஒருவர் போட்ட பாகப்பிரிவினை வழக்கில் அப்படி ஒரு டிக்ரி ஆனது. சம்மன் போனதெல்லாம் நாங்கள் எப்போதோ காலி செய்துவிட்டு வந்த பழைய வீட்டுக்கு. கோர்ட் நியமித்த வக்கீல் கமிஷனர் சர்வேயரைக் கூட்டிக்கொண்டு நிலத்தை அளக்க வந்த அன்றுதான், இப்படி ஒரு வழக்கு நடந்து முடிந்ததே எங்களுக்குத் தெரியும்.

அதற்குப் பிறகு கோர்ட்டுக்கும் வக்கீல் ஆபீஸுக்கும் நடந்து கற்றுக்கொண்டதை, தமிழ்நாட்டு சிவில் கோர்ட்டுகளில் இதே நிலையில் இருப்பவர்களுக்காக எழுதுகிறேன். இது வக்கீலுக்கு மாற்று அல்ல. வக்கீலிடம் போகும்போது என்ன கேட்க வேண்டும், எதைக் கையில் கொண்டுபோக வேண்டும், எந்தத் தேதியைத் தவறவிடக் கூடாது என்று உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். தெரியாமல் போனால் இழப்பு உங்களுக்குத்தான். செக் பவுன்ஸ் போன்ற கிரிமினல் வழக்குகளுக்கு இங்கே சொல்வது பொருந்தாது.

1. முதலில் வழக்கு எந்த நிலையில் இருக்கிறது என்று பாருங்கள்

"எக்ஸ்பார்ட்டி ஆகிவிட்டது" என்ற ஒரே வார்த்தையை இரண்டு வேறு நிலைகளுக்கும் சொல்கிறார்கள். குழப்பிக்கொள்ள வேண்டாம்.

ஒன்று, வாய்தா அன்று உங்களைக் கூப்பிட்டு நீங்கள் வராததால் எக்ஸ்பார்ட்டியாக வைத்திருப்பார்கள். தீர்ப்பு இன்னும் வந்திருக்காது. இந்த நிலையில் சிவில் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 9, விதி 7-ன் கீழ் மனுப் போட்டு, வராததற்குத் தக்க காரணம் சொல்லி மறுபடி உள்ளே வரலாம். வேலை ஒப்பீட்டளவில் எளிது. அந்த மனு தள்ளுபடியானால்கூட, வழக்கு அன்றைக்கு எந்தக் கட்டத்தில் இருக்கிறதோ அங்கிருந்து கலந்துகொள்ளும் உரிமை உங்களுக்கு உண்டு.

இன்னொன்று, தீர்ப்பே வந்து டிக்ரி ஆகியிருக்கும். அதற்கு வழி கட்டளை 9, விதி 13. இந்தக் கட்டுரை பெரும்பாலும் இதைப் பற்றித்தான்.

எந்த நிலை என்று தெரிந்துகொள்ள ஈகோர்ட்ஸ் இணையதளத்திலோ அதன் செயலியிலோ பாருங்கள். ஒவ்வொரு வழக்குக்கும் தனியாக உள்ள 16 இலக்க சி.என்.ஆர். எண் இருந்தால் உடனே வந்துவிடும். இல்லையென்றால் மாவட்டத்தையும் கோர்ட்டையும் தேர்ந்தெடுத்து, வழக்கு எண்ணையோ கட்சிக்காரர் பெயரையோ போட்டுத் தேடலாம். பெயரைத் தேடும்போது எழுத்துகளை மாற்றி மாற்றிப் போட்டுப் பாருங்கள். இனிஷியல் முன்னால் ஒரு தடவை, பின்னால் ஒரு தடவை. நிறைவேற்று மனு, அதாவது ஈ.பி., ஏதாவது நிலுவையில் இருக்கிறதா என்பதையும் அங்கேயே தேடுங்கள். ஈ.பி. இருந்தால் உங்கள் அவசரம் இரண்டு மடங்கு. ஈ.பி. இல்லை என்று அசந்துவிடவும் கூடாது, டிக்ரியை நிறைவேற்றக் கேட்க வாதிக்குப் பொதுவாக 12 வருடம் இருக்கிறது.

வாதியாகிய நீங்கள் வராமல் உங்கள் வழக்கே தள்ளுபடியாகியிருந்தால், அதற்குக் கட்டளை 9, விதி 9 என்று தனி வழி. கெடு அதற்கும் 30 நாள்தான்.

2. கெடுவைக் கணக்கிடுங்கள்

காலவரையறைச் சட்டம் 1963-ன் அட்டவணையில் உள்ள 123-ஆவது உறுப்பு (ஆர்ட்டிகிள்) சொல்வது இதுதான்: டிக்ரி தேதியிலிருந்து 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும். சம்மன் முறையாகச் சார்வு ஆகவில்லை, அதாவது உங்களிடம் சேர்ப்பிக்கப்படவில்லை என்றால் மட்டும், டிக்ரி ஆனது உங்களுக்குத் தெரிய வந்த நாளிலிருந்து 30 நாள். செய்தித்தாளில் விளம்பரம் கொடுத்தது போன்ற மாற்றுவழிச் சார்வை இந்தக் கணக்குக்கு முறையான சார்வாக எடுத்துக்கொள்ள முடியாது என்று அதே உறுப்பின் விளக்கம் சொல்கிறது. "பேப்பரில் விளம்பரம் வந்தாச்சே, இனி ஒன்றும் பண்ண முடியாது" என்று யாராவது சொன்னால் நம்பி வீட்டுக்குத் திரும்பிவிடாதீர்கள்.

30 நாள் கடந்துவிட்டால், அதே சட்டத்தின் 5-ஆம் பிரிவின் கீழ் தாமதத்தை மன்னிக்கக் கேட்டுத் தனி மனுப் போட வேண்டும். வக்கீல் ஆபீஸில் இதை டிலே மனு என்பார்கள். அதில் எத்தனை நாள் தாமதம் என்று எண்ணில் குறிப்பிட வேண்டும். இந்த எண்ணைத் தப்பாகப் போட்டு மனு திரும்பி வருவது அடிக்கடி நடக்கிறது. உதாரணத்துக்கு, டிக்ரி 3.1.2024 அன்று, மனுத் தாக்கல் 10.6.2024 அன்று என்று வைத்துக்கொள்ளுங்கள். டிக்ரி தேதியிலிருந்து மொத்தம் 159 நாள். 30 நாள் சட்டம் கொடுத்த நேரம். ஆகவே தாமதம் 129 நாள். 2024-ல் பிப்ரவரிக்கு 29 நாள் என்பதையும் மறக்கக் கூடாது. கடைசி நாள் விடுமுறையிலோ மே மாதக் கோடை விடுமுறையிலோ விழுந்தால், கோர்ட் திறக்கும் முதல் நாளில் தாக்கல் செய்யலாம்.

சம்மனே வரவில்லை, தெரிந்த நாளிலிருந்து 30 நாளுக்குள் வந்துவிட்டோம் என்று நீங்கள் உறுதியாக நம்பினாலும், டிலே மனுவையும் சேர்த்துப் போடுவது பற்றி வக்கீலிடம் கேளுங்கள். சார்வு சரியாகத்தான் நடந்தது என்று கோர்ட் முடிவு செய்துவிட்டால், அந்த மனு கையில் இல்லாமல் நிற்க வேண்டியிருக்கும். "எங்கள் கணக்கில் தாமதமே இல்லை, இருப்பதாகக் கோர்ட் கருதினால் இத்தனை நாளை மன்னிக்க வேண்டும்" என்று தெளிவாக எழுதச் சொல்லுங்கள். அப்படி எழுதாவிட்டால் தாமதத்தை நீங்களே ஒப்புக்கொண்டது போல ஆகிவிடும்.

3. நகல் மனுப் போடுங்கள், வழக்குக் கட்டை ஒருமுறை முழுசாகப் பாருங்கள்

என்னைக் கேட்டால் மொத்த வேலையிலும் முக்கியமான படி இது. கட்டில் என்ன இருக்கிறது என்று பார்க்காமல் எந்த அபிடவிட்டிலும் (சத்தியப் பிரமாண வாக்குமூலம்) கையெழுத்துப் போடாதீர்கள். ரத்து மனுவில் தோற்கிற பலர், கோர்ட் ஆவணத்தில் இருப்பதற்கு நேர்மாறாக எதையாவது சத்தியப் பிரமாணத்தில் எழுதிக்கொடுத்துத்தான் தோற்கிறார்கள்.

சான்றிட்ட நகலாக வாங்க வேண்டியவை: பிராது (வாதியின் வழக்கு மனு), தீர்ப்பு, டிக்ரி, டைரிக் குறிப்பு (ஒவ்வொரு வாய்தாவிலும் நடந்ததன் பதிவு), சம்மனும் அதன் பின்பக்கத்தில் அமீனா (சம்மன் கொண்டுவரும் கோர்ட் ஊழியர்) எழுதிய சார்வு அறிக்கையும், பதிவுத்தபால் உறை அல்லது ஒப்புகை அட்டை, மாற்றுவழிச் சார்வுக்கு வாதி மனுப் போட்டிருந்தால் அந்த மனுவும் உத்தரவும். ஈ.பி. இருந்தால் அதன் மனுவும் நோட்டீஸும்.

நகல் மனுவுக்குக் கோர்ட் கட்டண ஸ்டாம்ப் சின்னத் தொகைதான். ஆனால் மனுப் போட்டுவிட்டுச் சும்மா இருக்க முடியாது. எத்தனை நகல் தாள் வேண்டும், எவ்வளவு கட்ட வேண்டும் என்று நகல் பிரிவில் பட்டியல் ஒட்டுவார்கள். அதைப் பார்த்து, சொன்ன நாளுக்குள் செலுத்த வேண்டும். தவறினால் நகல் மனு அடிபட்டுப் போகும், மறுபடி முதலிலிருந்து போட வேண்டும். குமாஸ்தா பார்த்துக்கொள்வார் என்று விடாமல், இரண்டு மூன்று நாளுக்கு ஒருமுறை நீங்களே கேளுங்கள். நகல் கைக்கு வந்ததும் அதில் இருக்கும் முத்திரையைப் பாருங்கள். மனுப் போட்ட நாள், ஸ்டாம்ப் கேட்ட நாள், கட்டிய நாள், நகல் தயாரான நாள், கொடுத்த நாள் எல்லாம் இருக்கும். டிக்ரி பற்றித் தெரிந்ததும் நீங்கள் சும்மா இருக்கவில்லை என்பதற்கு அதுவே சாட்சி.

சம்மனின் பின்பக்கத்தைத்தான் ஊன்றிப் படிக்க வேண்டும். "பிரதிவாதி வீட்டில் இல்லை, அவர் மனைவியிடம் சார்வு செய்யப்பட்டது" என்று இருக்கிறதா? உங்களோடு ஒரே வீட்டில் வசிக்கும், வயது வந்த குடும்பத்தாரிடம் கொடுத்தால்தான் செல்லும். வேலைக்காரர் குடும்பத்தாராக மாட்டார் என்று சட்டமே சொல்கிறது. பக்கத்து வீட்டுக்காரரிடம் கொடுத்ததும் செல்லாது. "கதவில் ஒட்டப்பட்டது" என்று இருந்தால், எந்தச் சூழ்நிலையில் ஒட்டினார், வீட்டை அடையாளம் காட்டியவர் யார், யார் முன்னிலையில் ஒட்டினார் என்று பெயரும் விலாசமும் அறிக்கையில் இருக்க வேண்டும். எங்கள் கட்டில் இருந்த அறிக்கையில் அந்த இடம் காலியாக இருந்தது. வாதியிடம் குறுக்கு விசாரணையில் எங்கள் வக்கீல் முதலில் கேட்டதே அதைப் பற்றித்தான்.

தபால் உறையில் தபால்காரர் எழுதிய குறிப்பையும் கவனியுங்கள். "விலாசத்தில் இல்லை", "இடம் மாறிச் சென்றுவிட்டார்" என்று திரும்பியிருந்தால் அது உங்களுக்குச் சாதகம். "வாங்க மறுத்தார்" என்று இருந்தால் சார்வு ஆனதாகவே கோர்ட் எடுத்துக்கொள்ளும். அன்றைக்கு நீங்கள் அந்த ஊரிலேயே இல்லை என்பதற்கு ஆதாரம் காட்டினால்தான் அதை உடைக்க முடியும். ஒப்புகை அட்டையில் கையெழுத்து இருந்தால், அது யாருடையது என்று உங்கள் பழைய கையெழுத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

ஒரு எச்சரிக்கை. சார்வில் சின்னச் சின்னக் குறை இருக்கிறது என்பதற்காக மட்டும் டிக்ரியை ரத்து செய்ய முடியாது. வாய்தா தேதி உங்களுக்கு வேறு வழியில் தெரிந்திருந்தது, வருவதற்குப் போதிய நேரமும் இருந்தது என்று கோர்ட் திருப்தியடைந்தால் அந்தக் குறை எடுபடாது. வழக்கைப் பற்றி நீங்கள் வாட்ஸ்அப்பில் எதிர்த்தரப்போடு பேசியிருந்தால், அதை அவர்கள் கொண்டுவருவார்கள். அதை முன்கூட்டியே உங்கள் வக்கீலிடம் சொல்லிவிடுங்கள்.

4. ரத்து மனுவா, மேல்முறையீடா என்று முடிவு செய்யுங்கள்

எக்ஸ்பார்ட்டி டிக்ரி மீது நேரடியாக அப்பீலும் போடலாம். மாவட்ட அளவிலான கோர்ட்டுக்கு என்றால் 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு என்றால் 90 நாள். ஆனால் அப்பீலில், வாதி வைத்த சாட்சியமே டிக்ரிக்குப் போதாது என்றுதான் பெரும்பாலும் வாதாட முடியும். உங்கள் சாட்சியும் ஆவணமும் கட்டில் இருக்காது. கோர்ட் கட்டணமும் அசல் வழக்குக்கு உள்ள அளவு கட்ட வேண்டும். ரத்து மனுவுக்கான கட்டணம் வழக்கின் மதிப்பைப் பொறுத்தது அல்ல, சின்னத் தொகைதான்.

மிக முக்கியமாக, அப்பீல் போட்டு அது முடிவாகிவிட்டால், நீங்களாக வாபஸ் வாங்கியிருந்தால் ஒழிய, அதன் பிறகு விதி 13-ன் கீழ் ரத்து மனுப் போட முடியாது. "ரெண்டும் போட்டு வைப்போம்" என்று சொல்பவர்களிடம் இதைக் கேளுங்கள். சட்டப்படி இரண்டும் போடலாம். எது முதலில் முடியும் என்பதைத்தான் யோசிக்க வேண்டும்.

சம்மன் சார்வில் கோளாறு, அல்லது அன்று வர முடியாததற்கு ஆதாரத்தோடு காரணம் இருக்கிறது என்றால் ரத்து மனுதான் சரி. நாங்கள் அதைத்தான் எடுத்தோம்.

5. ஆதாரங்களைச் சேர்த்த பிறகு அபிடவிட் எழுதுங்கள்

ரத்துக்கு இரண்டே காரணம்தான். சம்மன் முறையாகச் சார்வாகவில்லை, அல்லது கூப்பிட்ட அன்று வர முடியாதபடி போதிய காரணம் இருந்தது. உங்களுடையது எது என்று பிரித்துக்கொள்ளுங்கள். இரண்டையும் கலந்து, ஒரு பாராவில் சம்மன் வரவே இல்லை என்றும் அடுத்த பாராவில் வாய்தா அன்று காய்ச்சல் என்றும் எழுதினால், காய்ச்சல் இல்லாவிட்டால் வந்திருப்பீர்கள் என்றுதானே பொருள்? அந்த ஒரு வரியை வைத்தே எதிர் வக்கீல் உங்களை மடக்கிவிடுவார்.

சம்மன் விலாசம் தப்பு என்றால், அந்தக் காலத்தில் நீங்கள் வேறு இடத்தில் இருந்ததற்கான தாள்கள் வேண்டும்: ஆதார், ரேஷன் கார்டு, வாடகை ஒப்பந்தம், கேஸ் ரசீது, மின் கட்டண ரசீது, பிள்ளைகளின் பள்ளிச் சான்று. இன்றைய தேதியில் வாங்கிய விலாசச் சான்று பெரிதாக உதவாது. சம்மன் போன வருடத்துத் தாள் வேண்டும்.

உடல்நிலை என்றால் மருத்துவமனை டிஸ்சார்ஜ் சுருக்கம், மருந்துச் சீட்டு, பில், பரிசோதனை அறிக்கை. வெறும் மருத்துவச் சான்று ஒன்றை மட்டும், அதுவும் பின்னாளில் வாங்கி நீட்டினால் நம்ப மாட்டார்கள். "மஞ்சள் காமாலை வந்து நாட்டு மருந்து சாப்பிட்டுப் படுத்திருந்தேன்" என்று ஒரு வாசகம் பல ஆபீஸ்களில் அச்சுப் போலத் தயாராக இருக்கும். கோர்ட் அதை எத்தனையோ மனுவில் படித்துவிட்டது. உங்களுக்கு உண்மையிலேயே காமாலை வந்திருந்தால் ஆதாரத்தோடு எழுதுங்கள். வராவிட்டால் அந்த வரியை அடிக்கச் சொல்லுங்கள். அது உங்கள் பெயரில் நீங்கள் செய்யும் சத்தியம்.

வெளிநாட்டில் இருந்தீர்கள் என்றால் பாஸ்போர்ட்டில் குடியேற்ற முத்திரை உள்ள பக்கங்கள், விசா, வேலைச் சான்று. இப்போதும் வர முடியாத நிலை என்றால் அந்த ஊர் இந்தியத் தூதரகத்தில் அபிடவிட்டைச் சத்தியப் பிரமாணம் செய்து அனுப்பலாம். ஊரில் இருக்கும் ஒருவருக்குப் பவர் கொடுப்பதானால், அந்தப் பத்திரம் இந்தியா வந்து சேர்ந்த 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை செலுத்தியாக வேண்டும். மாதங்கள் ஓடிய பிறகு அதை எடுத்துப் போனால் சிக்கல்.

பழைய வக்கீல் வாய்தாவைச் சொல்லவில்லை என்பது உங்கள் காரணமா? கட்சிக்காரர் செய்ய வேண்டியதையெல்லாம் செய்திருக்கும்போது வக்கீலின் தவறுக்காக அவரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-லேயே ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் வாயால் சொன்னால் மட்டும் போதாது. நீங்கள் அவரைத் தொடர்பு கொண்டதற்கான குறுஞ்செய்தி, கட்டணம் கொடுத்த ரசீது, நோட்டீஸ் ஏதாவது இருக்க வேண்டும். வருடக்கணக்கில் ஒரு போன்கூடப் பேசாமல் இருந்துவிட்டுப் பழியை வக்கீல் மேல் போட்டால் ஏற்பது கடினம். புது வக்கீலை வைப்பதற்கு முன்னால் பழையவரிடம் ஆட்சேபணை இல்லை என்ற கையெழுத்து வாங்க வேண்டும். அவர் மேல் குற்றம் சொல்லப்போகிறீர்கள் என்றால் அதை எப்படிக் கையாள்வது என்று புது வக்கீலிடம் முதலிலேயே பேசிவிடுங்கள்.

டிலே மனுவின் அபிடவிட்டில், தெரிய வந்த நாளைத் துல்லியமாகச் சொல்லுங்கள். "சமீபத்தில் தெரிய வந்தது" என்று எழுதினால் எதுவும் சொன்னதாகாது. எந்தத் தேதி, எதன் மூலம் தெரிந்தது? ஈ.பி. நோட்டீஸா, அமீனா வந்தாரா, வில்லங்கச் சான்றில் பார்த்தீர்களா? அதற்குப் பிறகு எந்த நாளில் வக்கீலைப் பார்த்தீர்கள், எந்த நாளில் நகல் மனுப் போட்டீர்கள், எப்போது நகல் வந்தது என்று வரிசையாக வர வேண்டும். தெரிவதற்கு முந்தைய காலத்தை விட, தெரிந்த பிறகு சும்மா இருந்த காலத்தைத்தான் கோர்ட் கடுமையாகப் பார்க்கும்.

நீண்ட தாமதம் என்று மனம் தளர வேண்டாம். என். பாலகிருஷ்ணன் எதிர் எம். கிருஷ்ணமூர்த்தி என்ற 1998-ஆம் ஆண்டு வழக்கில் 883 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் மன்னித்தது. தாமதத்தின் நீளத்தைவிட, சொல்லும் விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்றது. அதுவும் எக்ஸ்பார்ட்டி டிக்ரியிலிருந்து கிளம்பிய வழக்குதான். எதிர்த்தரப்புக்கு 10,000 ரூபாய் செலவுத்தொகை கொடுக்கவும் சொன்னது. அதே நேரம், விளக்கமே இல்லாத சின்னத் தாமதத்தை மன்னிக்க மறுத்த தீர்ப்புகளும் இருக்கின்றன.

6. தாக்கல் செய்யும்போது கட்டு எப்படி இருக்க வேண்டும்

டிக்ரி கொடுத்த அதே கோர்ட்டில்தான் மனுப் போட வேண்டும். கையில் இருக்க வேண்டியவை: வக்காலத்து, வக்கீல் நல நிதி ஸ்டாம்ப் சேர்த்து; டிலே மனுவும் அதற்கான அபிடவிட்டும்; ரத்து மனுவும் அதற்குத் தனி அபிடவிட்டும்; டிக்ரி நகல்; ஆதாரங்கள்; பேட்டா (எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் அனுப்பக் கோர்ட்டில் கட்டும் கட்டணம்); எதிர்மனுதாரர் எத்தனை பேரோ அத்தனை செட் நகல்.

பிராதுக்கு உங்கள் பதிலான எதிருரையையும் தயார் செய்து கூடவே தாக்கல் செய்துவிடுங்கள். சட்டம் அதைக் கட்டாயமாக்கவில்லை. ஆனால் இங்கே பல கோர்ட்டுகளில் எதிர்பார்க்கிறார்கள். இழுத்தடிக்க வரவில்லை, வழக்கை நடத்தத்தான் வந்திருக்கிறோம் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது.

எல்லா வாதிகளையும், மற்ற பிரதிவாதிகளையும் மனுவில் சேருங்கள். எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் கொடுக்காமல் டிக்ரியை ரத்து செய்ய முடியாது. வாதி இறந்துபோயிருந்தால் வாரிசுகளைக் கொண்டுவர வேண்டும், அதற்கு வாரிசுகளின் பெயர், விலாசத்தை விசாரித்து வையுங்கள். பாகப்பிரிவினை போலப் பிரிக்க முடியாத டிக்ரியாக இருந்தால், மற்றப் பிரதிவாதிகளுக்கு எதிராகவும் சேர்த்தே கோர்ட் ரத்து செய்ய முடியும்.

சிறு வழக்கு அதிகார வரம்பில் கொடுக்கப்பட்ட டிக்ரி என்றால், ரத்து மனுவோடு டிக்ரித் தொகையைக் கட்டவோ கோர்ட் அனுமதிக்கும் ஜாமீன் கொடுக்கவோ வேண்டும் என்ற நிபந்தனை இருக்கிறது. சின்னக் கடன் வழக்கு என்றால் இதைக் கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். கட்டளை 37-ன் கீழ் வந்த சுருக்க வழக்குக்கும் விதி வேறு.

7. "ரிட்டர்ன்" என்ற பொறி

தாக்கல் செய்ததும் நம்பர் ஆகிவிட்டது, அதாவது கோர்ட் மனுவை ஏற்று எண் கொடுத்துவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள். ஆபீஸில் சரிபார்த்து, ஏதாவது குறை இருந்தால் ஒரு சீட்டு ஒட்டித் திருப்பிவிடுவார்கள். பக்க எண் இல்லை, நாள் கணக்குத் தவறு, வயது விடுபட்டிருக்கிறது, இப்படி. சரிசெய்து மறுதாக்கல் செய்ய நாள் கொடுப்பார்கள். அந்த நாள் கடந்துவிட்டால், மறுதாக்கல் தாமதத்தை மன்னிக்க இன்னொரு மனு. இந்தத் திரும்பிய கட்டு வக்கீல் ஆபீஸ் அலமாரியில் மாதக்கணக்கில் கிடந்து, அதனாலேயே தோற்றுப்போன மனுக்கள் உண்டு. வாரம் ஒருமுறை கேளுங்கள்: "மனு நம்பர் ஆச்சா? ஐ.ஏ. நம்பர் என்ன?" ஐ.ஏ. என்றால் வழக்குக்குள் போடும் இடைக்கால மனு. நம்பர் சொன்னால் ஈகோர்ட்ஸில் போட்டு நீங்களே பாருங்கள்.

டிலே மனு முதலில் நம்பராகும். அது அனுமதிக்கப்பட்ட பிறகுதான் ரத்து மனு எடுக்கப்படும். ஆகவே இரண்டு கட்டம், இரண்டு விசாரணை. பேட்டா கட்டும் தேதியை இரண்டிலும் கவனியுங்கள். கட்டாவிட்டால் அதற்காகவே மனு தள்ளுபடியாகும்.

8. ஈ.பி. நடந்துகொண்டிருந்தால் ஸ்டே கேளுங்கள்

ரத்து மனுப் போட்டதாலேயே டிக்ரி நின்றுவிடாது. ஈ.பி.யில் ஜப்தியோ, சுவாதீனம் எடுப்பதோ, கிரயப் பத்திரம் எழுதுவதோ நடந்துகொண்டே இருக்கும். கிரய ஒப்பந்த வழக்கு என்றால் இன்னும் அவசரம், ஏனென்றால் நீங்கள் வராவிட்டால் கோர்ட்டே உங்கள் சார்பில் பத்திரம் பதிந்துகொடுத்துவிடும். ஈ.பி.யிலும் வக்கீல் மூலம் ஆஜராகி, ரத்து மனு நிலுவையில் இருப்பதைச் சொல்லி, நிறுத்திவைக்கத் தனி மனுப் போடுங்கள். பண டிக்ரியில் ஒரு பகுதியைக் கட்டச் சொல்லி ஸ்டே கொடுப்பது வழக்கம், அந்தப் பணத்துக்கு முன்கூட்டியே யோசித்து வையுங்கள். இதற்கிடையே சொத்து வேறு யாருக்காவது கைமாறியிருக்கிறதா என்று புது வில்லங்கச் சான்று ஒன்று போட்டுப் பாருங்கள்.

9. விசாரணையும் உத்தரவும்

உங்கள் மனுவுக்கு எதிர்த்தரப்பு எதிருரை போட்டபின், உங்களைக் கூண்டில் ஏற்றி விசாரிக்கக்கூடும். அபிடவிட்டை முந்தின நாள் இரவு இரண்டு தடவை படியுங்கள். தேதிகள் மனதில் இருக்க வேண்டும். தெரியாததைத் தெரியாது என்று சொல்லுங்கள். அப்பாவுக்கு வயதாகியிருந்ததால், வீடு மாறிய வருடத்தைத் தவிர வேறெதையும் நாங்கள் மனப்பாடம் செய்யச் சொல்லவில்லை. அந்த வருடம் வாடகை ஒப்பந்தத்திலும் இருந்ததால் எவ்வளவு கேட்டும் அசையவில்லை.

காலம் எவ்வளவு ஆகும் என்று எல்லோரும் கேட்பார்கள். எதிர்ப்பு இருந்தால் டிலே மனுவுக்கே மாதக்கணக்கு ஆகும், ஒரு வருடத்தைத் தாண்டுவதும் சாதாரணம். கோர்ட் கட்டணமும் ஸ்டாம்பும் மொத்தச் செலவில் சின்னப் பங்கு. பெரிய செலவு வக்கீல் பீஸ்தான். டிலே மனு, ரத்து மனு, ஸ்டே, அதன் பிறகு அசல் வழக்கு என்று எது எதற்கு எவ்வளவு என்று முதலிலேயே பிரித்துக் கேட்டு எழுதி வாங்குங்கள்.

பீஸ் கட்ட வசதியில்லை என்றால், கோர்ட் வளாகத்திலேயே வட்ட அல்லது மாவட்ட சட்டப் பணிகள் குழு இருக்கும். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமலே இலவச வக்கீல் உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்பு இருக்கிறது. 15100 என்ற எண்ணுக்கும் கூப்பிடலாம்.

அனுமதித்து வரும் உத்தரவில் பெரும்பாலும் நிபந்தனை இருக்கும்: இன்ன தேதிக்குள் இவ்வளவு செலவுத்தொகை கட்ட வேண்டும், தவறினால் மனு தள்ளுபடியானதாகக் கொள்ளப்படும். இங்கேதான் பலர் ஜெயித்த மனுவைத் தோற்கிறார்கள். உத்தரவு சொன்ன அன்றே தேதியையும் தொகையையும் எழுதி வாங்குங்கள். கடைசி நாள் வரை காத்திருக்காதீர்கள். எதிர் வக்கீலிடம் கொடுத்தால் ரசீது வாங்கி, அதை மெமோவோடு கோர்ட்டில் தாக்கல் செய்ய வேண்டும். அவர் வாங்க மறுத்தால், அன்றே கோர்ட்டில் டெபாசிட் செய்ய அனுமதி கேளுங்கள். நாள் தவறிவிட்டால் நீட்டிக்கக் கேட்கலாம், ஆனால் நீட்டிப்பு மொத்தம் 30 நாளுக்கு மேல் போகக் கூடாது என்று சட்டம் வரம்பு வைத்திருக்கிறது.

10. தள்ளுபடியானால்

ரத்து மனு தள்ளுபடியானால் அதன் மீது சிவில் இதர மேல்முறையீடு, அதாவது சி.எம்.ஏ., போடலாம். முன்சீப் கோர்ட் உத்தரவு என்றால் சார்பு நீதிமன்றத்துக்கு, 30 நாளுக்குள். டிலே மனுவே தள்ளுபடியாகியிருந்தால் வழக்கமாக உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு, 90 நாளுக்குள். தென்மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை, மற்றவர்களுக்குச் சென்னை. இதற்கும் உத்தரவின் சான்றிட்ட நகல் வேண்டும் என்பதால், தள்ளுபடி என்று காதில் விழுந்த அன்றே நகல் மனுப் போட்டுவிடுங்கள்.

11. ரத்தான பிறகு

வழக்கு பழைய எண்ணிலேயே மறுபடி கோப்புக்கு வரும். எதிருரை ஏற்கெனவே போட்டிருந்தால் எழுவினாக்கள் (கோர்ட் முடிவு செய்ய வேண்டிய கேள்விகள்) வகுத்துச் சாட்சியத்துக்குப் போகும். டிக்ரியை வைத்து எதிர்த்தரப்பு ஏற்கெனவே பணம் எடுத்திருந்தாலோ சுவாதீனம் வாங்கியிருந்தாலோ, அதைத் திருப்பித்தரக் கேட்கச் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 144-ஆம் பிரிவு இருக்கிறது. அது தானாக நடக்காது, தனி மனுப் போட வேண்டும். ஈ.பி. கோர்ட்டிலும் ரத்து உத்தரவின் நகலைத் தாக்கல் செய்து ஈ.பி.யை முடிக்கச் சொல்லுங்கள். இதைச் செய்யாததால் டிக்ரி ரத்தான பிறகும் அமீனா வந்து நின்ற கதை எங்கள் ஊரிலேயே இருக்கிறது.

உங்கள் இப்போதைய விலாசத்தையும் கைபேசி எண்ணையும் வழக்கில் பதிய மெமோ போடுங்கள். வாய்தா தேதியை ஈகோர்ட்ஸ் செயலியில் சேமித்து வைத்து, முந்தின நாள் மாலை பாருங்கள். இரண்டாவது தடவை எக்ஸ்பார்ட்டி ஆனால், முதல் மனுவில் என்ன எழுதினீர்கள் என்பதிலிருந்துதான் கேள்வி ஆரம்பிக்கும்.